கதவு தெறந்தே இருக்குமுங்க

ஆடிட்டருக்குப் பதில் சொல்வதில் மைதிலியை மிஞ்ச அந்தத் திருப்பூர் பனியன் கம்பெனியில் ஆள் கிடையாது. வெளிநாட்டில் நம் துணியை வாங்குகிறவர்களுக்கு அவ்வப்போது திடீரென்று பாசம் பொங்கும். தைக்கிற பெண்கள் சாப்பிட்டார்களா, தூங்கினார்களா, யாராவது அடைத்துவைத்திருக்கிறார்களா என்று பார்த்துவர, சட்டையை பேண்டுக்குள் செருகிய ஒருவரை அட்டையும் பேனாவுமாக அனுப்பிவைப்பார்கள். அவர் வரப்போகும் சேதி அவருக்கு முன்பே கம்பெனிக்கு வந்துவிடும். அப்புறம் பார்க்க வேண்டுமே கூத்தை! கழிவறையில் சோப்பு முளைக்கும். முதலுதவிப் பெட்டிக்குள் மருந்து குடிவரும். மாதக்கணக்கில் பூட்டிக் கிடந்த அவசரவழிக் கதவுக்கு எண்ணெய் போடுவார்கள். சாப்பாட்டு நேரம் முடிந்ததும் ஹெச்.ஆர். மேடம் பெண்களை வரிசையாக உட்காரவைத்துக் கேள்வி கேட்டுப் பழக்குவார்.

கேள்விகள் மாறாது, வரிசையும் மாறாது. பேர் என்ன, வயசு என்ன, எத்தனை மணி நேரம் வேலை? "எட்டு மணி நேரமுங்க." அதுக்கு மேல வேலை உண்டா? "நாங்களா இஷ்டப்பட்டாத்தானுங்க." சாப்பாடு? "நல்லா இருக்குமுங்க." ஹாஸ்டல் கதவைப் பூட்டுவாங்களா? "இல்லீங்க, தெறந்தே இருக்குமுங்க. எப்ப வேணாலும் போலாமுங்க." நிஜத்தில் தினமும் ஒன்றரை ஷிப்டு, சாப்பாட்டைப் பற்றிச் சொல்லாமல் இருப்பது நல்லது, ஹாஸ்டல் கதவில் ஒரு பூட்டு. ஆனால் அந்தப் பதில்களைப் பொய் என்று அந்தப் பெண்கள் யாரும் நினைத்ததில்லை. பள்ளிக்கூடத்தில் வாய்ப்பாடு ஒப்பிக்கிற மாதிரி அது. ஒப்பித்து முடித்தால் விட்டுவிடுவார்கள்.

திக்குகிறவர்களையும் சிரிக்கிறவர்களையும் ஆடிட் அன்றைக்கு கோடவுன் பக்கம் தள்ளிவிடுவார்கள். மைதிலி திக்க மாட்டாள். துணி ஓரம் தைக்கிற ஓவர்லாக் மிஷினில் கை ஓடிக்கொண்டிருக்கும்போதே, தலையைத் தூக்கி, ஆடிட்டரின் கண்ணைப் பார்த்து, பட்பட்டென்று சொல்வாள். அதனால் அவளை எப்போதும் முன்வரிசையில் போடுவார்கள். பக்கத்து மிஷின் யாழினி எதிர்மாறு. "எட்டு மணி நேரம்" என்று சொல்ல வாயைத் திறந்தாலே அவளுக்குச் சிரிப்பு வந்துவிடும். "எப்புடிடி சிரிக்காமச் சொல்றே?" என்று கேட்டுக் கேட்டுச் சிரிப்பாள். இரண்டு பேருக்கும் மடத்துக்குளம்தான் ஊர், ஒரே வீதி. ஹாஸ்டலிலும் பாய் அடுத்தடுத்துத்தான்.

அந்த யாழினிதான் செத்துப்போனாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் வயிற்று வலி என்று சுருண்டு படுத்தாள். வார்டனம்மா வெளிக் கதவைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு சேவூரில் ஒரு கல்யாண வீட்டுக்குப் போயிருந்தார். பெண்களின் போன்களும் அவருடைய அலமாரிக்குள்தான். பெண்கள் சாப்பாட்டுத் தட்டால் கதவைத் தட்டினார்கள். கம்பிக் கதவைப் பிடித்து உலுக்கி உலுக்கி மைதிலிக்கு உள்ளங்கை உரிந்துபோனது. பூட்டை உடைக்கத் துணியாத வாட்ச்மேன் வெளியே நின்று போன் செய்தபோதெல்லாம், "வந்துட்டே இருக்கேன்" என்று வார்டனம்மா சொன்னாராம். வந்து சேர்ந்தபோது விளக்கு வைக்கிற நேரம். குடல்வால் வெடித்துப்போச்சு, மதியமே கொண்டுவந்திருந்தால் பிழைத்திருக்கும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லிவிட்டார்கள்.

கம்பெனி வேறு சொன்னது. அந்தப் பெண் வலியை மறைத்துவிட்டாள், கதவு திறந்துதான் இருந்தது, அவளாகத்தான் வெளியே வரவில்லை. போலீஸும் வார்டனைக் கேட்டு, மேனேஜரைக் கேட்டு, நோயால் இறப்பு என்று எழுதி மூடிவிட்டது. கதவைத் தட்டிய பெண்களை ஒருவரும் கேட்கவில்லை. அந்த வாரமே அவர்களை ஆளுக்கொரு பக்கமாக ஊருக்கு அனுப்பிவைத்தார்கள்.

யாழினியின் அம்மா மயிலாள் தென்னந்தோப்பில் மட்டை பொறுக்குகிறவள். கம்பெனிக்காரர்கள் கொண்டுவந்த உதவியை வாசலிலேயே திருப்பி அனுப்பினாள். "என்ற புள்ளைய உள்ள வெச்சுப் பூட்டிக் கொன்னுபோட்டாங்க. அதை நாலு பேர் அறியச் சொல்லோணும். எனக்கு அது போதும்" என்றாள். உடுமலையில் ஒரு வக்கீல் காசு வாங்காமல் கேட்டுக்கொண்டார். பூட்டைக் கண்ணால் பார்த்தவர்களில் ஒருவராவது துணிந்து வெளியே வந்து சொன்னால் விசாரணையைத் திரும்பத் திறக்கக் கேட்கலாம் என்றார். மற்ற பெண்களின் வீட்டார் எங்களை விட்டுவிடுங்கள் என்று கும்பிட்டார்கள். மிஞ்சியது மைதிலி. அவள் அந்தக் கம்பெனியை விட்டு, ஊரிலிருந்து திரும்பி வந்து திருப்பூருக்குள்ளேயே வேறு கம்பெனியில் சேர்ந்து, தனி அறை எடுத்துத் தங்கியிருந்தாள். "நாஞ் சொல்றனுங்கம்மா" என்று மயிலாளின் கையைப் பிடித்துச் சொன்னாள். மயிலாள் அந்தக் கையை விரித்து, உரிந்து ஆறிய தோலைத் தடவிப் பார்த்து, "நீ இருக்கங்காட்டித்தான் கண்ணு எனக்கு உசுரு நிக்குது" என்று அழுதாள்.

அப்படி இருக்கும்போதுதான் முகிலன் வந்தான். சென்னைப் பையன், நல்லவன், பேசும்போதே கண் கலங்குகிற ரகம். ஹாஸ்டலில் தங்கி வேலை செய்யும் பெண்களைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிறான். வக்கீல்தான் அனுப்பிவைத்திருந்தார். படம் வெளியே வந்து நாலு பத்திரிகை எழுதினால் அதிகாரிகள் தாமாக அசைவார்கள் என்பது வக்கீலின் கணக்கு. முகிலன் இரண்டு நிபுணர்களையும் பிடித்துவைத்திருந்தான். ஒருவர் பேராசிரியர் தரணீதரன், தொழிலாளர்களைப் பற்றியே தலை நரைக்கிற வரைக்கும் ஆராய்ச்சி செய்தவர். இன்னொருவர் விஜயகுமாரி, கம்பெனிகளுக்கு ஆலோசனை சொல்கிறவர். இரண்டு தரப்பும் இருந்தால்தான் படத்தை நம்புவார்கள் என்றான் முகிலன். நடந்ததற்கு இரண்டு தரப்பு எங்கிருந்து வந்தது என்று மைதிலிக்குக் கேட்கத் தோன்றவில்லை. படித்தவர்கள் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று இருந்துவிட்டாள்.

படப்பிடிப்புக்கு ஊத்துக்குளி ரோட்டில் ஒரு மாடி அறையை வாடகைக்கு எடுத்திருந்தார்கள். மைதிலி அரை நாள் லீவு சொல்லிவிட்டு, நல்ல சுடிதாராகப் பார்த்துப் போட்டுக்கொண்டு, பஸ்ஸில் வரும்போதே மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தாள். ஞாயித்துக்கிழமை, வயித்து வலி, தட்டு, பூட்டு, சாவி. ஒன்றையும் விட்டுவிடக் கூடாது என்று இருந்தது. "அன்னைக்கு என்ன நடந்துச்சுன்னு கேப்பேன். நீங்க பாட்டுக்குச் சொல்லுங்கக்கா" என்று முகிலன் போனில் சொல்லியிருந்தான்.

அப்படியே விட்டிருந்தால் எல்லாம் ஒழுங்காக நடந்திருக்கும். பேராசிரியர் விடவில்லை. பார்க்கத்தான் வந்திருந்தார், ஆனால் வந்த இடத்தில் சும்மா இருக்க அவருக்கு வராது. "எடுத்தவுடனே சம்பவத்துக்குப் போனா அது வெறும் அழுகையா போயிரும் தம்பி. முறைப்படி அடிப்படைத் தகவல்ல இருந்து வரணும். நானே கேக்கறேன்" என்றார். பையிலிருந்து ஓர் அட்டையை எடுத்தார். அதில் தாளைச் செருகினார். மூக்கு நுனியில் கண்ணாடியை இறக்கினார். அவரும் சட்டையை பேண்டுக்குள் செருகித்தான் இருந்தார்.

விளக்கைப் போட்டார்கள். மைதிலி நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

"பேர் என்னம்மா?"

"மைதிலிங்க."

"வயசு?"

சொன்னாள்.

"ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம் வேலை?"

"எட்டு மணி நேரமுங்க."

"அதுக்கு மேல வேலை வாங்குவாங்களா?"

"நாங்களா இஷ்டப்பட்டாத்தானுங்க."

"ஹாஸ்டல்ல சாப்பாடு?"

"நல்லா இருக்குமுங்க."

"வெளிக் கதவைப் பூட்டிவைப்பாங்களா?"

"இல்லீங்க, தெறந்தே இருக்குமுங்க. எப்ப வேணாலும் போலாமுங்க."

ஒரு திக்கல் இல்லை, ஒரு தடுமாற்றம் இல்லை. கண்ணைப் பார்த்து, பட்பட்டென்று. சொல்லி முடித்த பிறகுதான் அந்தக் குரல் தன்னுடையது என்று அவளுக்கு உறைத்தது. எதிரே முகிலன் வாயைப் பிளந்து நின்றான்.

"ஐயோ, இல்லீங்க சார்! தப்பாச் சொல்லிப்போட்டனுங்க. பூட்டித்தானுங்க இருந்துச்சு. அன்னைக்கும் பூட்டித்தான் இருந்துச்சு" என்று பதறினாள்.

பேராசிரியரின் முகம் அப்போது மலர்ந்த மலர்ச்சியை என்னவென்று சொல்வது! தேடிக்கொண்டிருந்த பொருள் காலில் தட்டுப்பட்டவர் போல ஆகிவிட்டார். "பாத்தியா முகிலன், பாத்தியா? பயம் எப்படி நாக்குல குடியேறியிருக்குது பாத்தியா?"

"பயமில்லீங்க சார்" என்றாள் மைதிலி. "ஆடிட்டுக்கு இப்படித்தானுங்க சொல்லச் சொல்லிப் பழக்குவாங்க. நீங்க அதே மாதிரி கேட்டீங்களா, அதுபாட்டுக்கு வாயில வந்திருச்சுங்க. பழக்கமுங்க."

"அதைத்தாம்மா நானும் சொல்றேன்" என்று சிரித்தார் பேராசிரியர். அதைத்தான் அவர் சொல்லவில்லை. ஆனால் அவரோடு வாதாட மைதிலி யார்? அவள் திரும்ப உட்கார்ந்து, அந்த ஞாயிற்றுக்கிழமையை முதலிலிருந்து சொன்னாள். பூட்டு என்ன நிறம் என்பது வரைக்கும் சொன்னாள். யாழினி கடைசியாகத் தன் கையைக் கடித்துக்கொண்டதைச் சொல்லும்போது முகிலன் கேமராவுக்குப் பின்னால் மூக்கை உறிஞ்சினான். எல்லோரும் சேர்ந்து டீ குடித்தார்கள். "எல்லாம் வரும்க்கா, நீங்க கவலையே படாதீங்க" என்று படியிறங்கும்போது முகிலன் சொன்னான். மைதிலி அன்று இரவு நெடுநாளைக்கு அப்புறம் நிம்மதியாகத் தூங்கினாள், பாவம்.

படம் யூட்யூபில் வந்த அன்று சாப்பாட்டு நேரத்தில் கம்பெனி மரத்தடியில் உட்கார்ந்து போனில் பார்த்தாள். டிபன் டப்பாவைத் திறக்கவே இல்லை. முதலில் மயிலாள் வந்தாள், தோப்பில் நின்று மகளின் போட்டோவைக் காட்டினாள். பிறகு யாழினியோடு தங்கியிருந்த தோழி என்று மைதிலியைக் காட்டினார்கள். "இல்லீங்க, தெறந்தே இருக்குமுங்க. எப்ப வேணாலும் போலாமுங்க." அதற்கடுத்து அவள் பதறியது வரும் என்று காத்திருந்தாள். வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை வரும் என்று காத்திருந்தாள். அதுவும் வரவில்லை.

பேராசிரியர் வந்தார். புத்தக அலமாரிக்கு முன்னால் உட்கார்ந்து, "இந்த ஒடுக்குமுறைக் கட்டமைப்பு தொழிலாளியின் அகத்தையே தன்வயப்படுத்திக்கொள்கிறது. ஆகவே, தோழியின் மரணத்தைக் குறித்துக்கூட இந்தப் பெண்ணால் உண்மையைப் பேச இயலவில்லை. இயலவே இயலாது" என்றார். இயலாது என்று இவர் அடித்துச் சொன்ன உண்மையை இவர் முன்னாலேயே அவள் மூச்சு முட்டப் பேசியிருந்தாள். அதைப் படத்தில் சேர்த்தால் இவருடைய இயலாது பொய்யாகிவிடுமே, எப்படிச் சேர்ப்பார்கள்?

அவருக்கு அடுத்து விஜயகுமாரி வந்தார். நல்ல காட்டன் சேலை, மெல்லிய குரல், பள்ளிக்கூட டீச்சர் மாதிரி எளிமையான பேச்சு. "கூடவே இருந்த ஃப்ரெண்டே சொல்றாங்க, கதவு திறந்துதான் இருந்துச்சுன்னு. அப்ப நாம வேற கேள்வி கேக்கணும் இல்லையா? ஒரு பொண்ணு வலியில துடிக்கும்போது பக்கத்துல இருந்தவங்க ஏன் கூட்டிட்டுப் போகல? இந்தப் பிள்ளைங்களுக்கு உடம்பைப் பத்தின விழிப்புணர்வு இல்ல. ஒருத்தருக்கொருத்தர் அக்கறையா இருக்கக் கத்துக்கொடுக்கணும்." அவர் மைதிலியை நேரில் பார்த்ததுகூட இல்லை.

ஒரு நிபுணர் அவளை ஊமையாக்கிவிட்டார், இன்னொருவர் அவளைக் கொலைகாரியாக்கிவிட்டார். இருவரும் பிடித்துக்கொண்டது அவள் வாய் தவறி உதிர்த்த அந்த ஒற்றைப் பதிலைத்தான். மைதிலி முகிலனுக்குப் போன் போட்டாள். அவன் உண்மையிலேயே வருந்தினான். நேரம் போதவில்லை அக்கா, நிறைய வெட்ட வேண்டியதாகிவிட்டது, சார்தான் எதை வைக்கலாம் என்று பார்த்துச் சொன்னார் என்றான். பேராசிரியரின் எண்ணைக் கொடுத்தான்.

பேராசிரியர் அன்பாகத்தான் பேசினார். அன்பில் ஒரு குறையும் வைக்கவில்லை.

"நீங்க அப்புறமா சொன்னதெல்லாம் எல்லாரும் சொல்றதுதாம்மா. பூட்டு, சாவி, வார்டன், இதெல்லாம் நூறு ரிப்போர்ட்ல வந்திருச்சு. ஆனா முதல்ல வந்துச்சு பாருங்க அந்தப் பதில், அது யாருக்கும் கிடைக்காத ஆவணம். தில்லியில ஒரு கருத்தரங்குல காட்டினேன், அசந்துபோயிட்டாங்க."

"ஏனுங்க சார், அவங்கம்மா பார்ப்பாங்களுங்க. கதவு தெறந்திருந்துச்சுன்னு நெனைச்சுக்குவாங்களுங்க. நாஞ் சொன்னதையும் சேர்த்துப் போடச் சொல்லுங்க சார். உங்களுக்குப் புண்ணியமாப் போகுமுங்க."

"பயத்துல சொல்றீங்கன்னு நான்தான் விளக்கியிருக்கேனேம்மா. யாரும் தப்பா எடுத்துக்க மாட்டாங்க. தைரியமா இருங்க."

கம்பெனியின் வக்கீல் படத்தில் அவள் பேசிய அந்தத் துண்டை மட்டும் கலெக்டர் ஆபீசுக்குக் கொடுத்திருக்கிறார் என்று அந்த வார முடிவில் உடுமலை வக்கீல் சொன்னார். பரவாயில்லை, நீங்கள் நேரில் வந்து எழுதிக் கொடுத்தால் மறுத்துப் பேசலாம், விசாரணையைத் திரும்பத் திறக்கக் கேட்கும் மனுவில் மயிலாளம்மா கையெழுத்து மட்டும் வேண்டும் என்றார். மைதிலிக்கு அந்தப் பேச்சைக் கேட்டதும் கொஞ்சம் உயிர் வந்தது. கையெழுத்து வாங்கி வருகிறேன் என்று ஞாயிற்றுக்கிழமை காலை மடத்துக்குளத்துக்கு பஸ் ஏறினாள். வழியெல்லாம் ஆடிட் பற்றி எப்படி விளக்குவது என்றே யோசித்துக்கொண்டு வந்தாள். தோப்பில் மட்டை பொறுக்குகிறவளுக்கு ஆடிட்டரை எப்படிப் புரியவைப்பது?

மயிலாள் வாசலில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். "வா கண்ணு" என்றாள். தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தாள். குரலில் ஒரு மாற்றமும் இல்லை. அதுவே மைதிலிக்குத் தெம்பாக இருந்தது.

"படம் பார்த்தீங்களுங்கம்மா?"

"பார்த்தேன். வீதியில எல்லாரும் வந்து பார்த்தாங்க. நா நாலு தடவ பார்த்தேன்."

"அம்மா, அதுல நாஞ் சொன்னது..."

"அந்தக் கண்ணாடிக்காரரு பேசுனது எனக்கு ஒண்ணும் வெளங்கலை கண்ணு. ஒரே இங்கிலீசாட்டம் இருந்துச்சு. அந்தம்மா பேசுனதுதான் வெளங்குச்சு."

மைதிலி அவள் காலடியில் உட்கார்ந்துவிட்டாள். "பூட்டித்தானுங்கம்மா இருந்துச்சு. சத்தியமாப் பூட்டித்தான் இருந்துச்சு. கம்பெனியில கேள்வி கேட்டா இப்படித்தான் சொல்லோணும்னு சொல்லிக் குடுத்திருந்தாங்க. அந்தாளு அதே மாதிரி கேக்கங்காட்டி வாய்க்கு அப்படியே வந்திருச்சுங்க."

"நீ அந்தக் கம்பெனிய உட்டு எவ்வளவு நாளாச்சு? படம் புடிச்ச எடத்துல உன்னைய யாரு மெரட்டுனாங்க?"

"யாரும் மெரட்டலீங்கம்மா. உடனே மாத்திச் சொன்னனுங்க. எல்லாத்தையும் சொன்னேன். அதை அவங்க போடலீங்க."

"செரி" என்றாள் மயிலாள்.

அந்தச் செரியில் கோபம் துளிகூட இல்லை. இருந்திருந்தால் மைதிலி அதோடு மல்லுக்கட்டியிருப்பாள். மயிலாள் முறத்தைத் தட்டி உமியைக் கீழே உதிர்த்தாள். "அவ உன்னையக் கூப்புட்டாளா கண்ணு?"

"கூப்புட்டாளுங்க. என்ற கையப் புடிச்சுட்டேதான் இருந்தா."

"ம்."

"அம்மா, என்ற கையப் பாருங்க. நீங்களே பார்த்தீங்களே, கதவப் புடிச்சு உலுக்கி..."

"மிஷினுத் தைக்கற கை, எத்தனையோ ஆகும்" என்றாள் மயிலாள் மெதுவாக. அவள் குத்திக்காட்டுவதற்காகச் சொல்லவில்லை. அவளுக்கு அப்படித்தான் தோன்றியிருந்தது. மைதிலி நீட்டிய கையை மடக்கிக்கொண்டாள். பிறகு மனுவை எடுத்தாள். வக்கீல் சொன்னதைச் சொன்னாள், ஒரே ஒரு கையெழுத்து அம்மா, நான் போய் நின்று எல்லாவற்றையும் சொல்கிறேன் என்று கெஞ்சினாள்.

மயிலாள் தாளை வாங்கவில்லை. "கேசு வேண்டாம்னு வக்கீல்கிட்ட சொல்லியுட்டரலாம்னு இருக்கேன் கண்ணு."

"ஏனுங்கம்மா? இத்தனை நாள் அதுக்குத்தான..."

"கதவு பூட்டியிருந்தா அவிய மேல கேசு. தெறந்திருந்துச்சுன்னா யாரு மேல போடறது? கூட இருந்தவ மேலதான போடோணும்." மயிலாள் அவள் தலையில் கை வைத்தாள். "எம்பட புள்ளதான் போயிட்டா. நீயும் சின்னப் புள்ள. என்னமோ பயந்துட்டே, அவள அப்படியே உட்டுட்டே. உன்னையக் கோர்ட்டுல ஏத்தி நா என்ன பண்ணப்போறேன்? ஆரு கேட்டாலும் உன்னையக் காட்டிக் குடுக்க மாட்டேன். நீ பயப்படாத கண்ணு."

பூட்டித்தான் இருந்தது என்று மைதிலி இன்னொரு முறை சொன்னாள். மயிலாள் ஆமாம் ஆமாம் என்று தலையை ஆட்டி, அவள் கண்ணைத் துடைத்துவிட்டு, சோறு போட உள்ளே போனாள்.